வட்டியின் நிறம்

விளாங்குறிச்சியில் யாராவது புது வீட்டுக்குள் நுழைந்தால், செருப்பைக் கழற்றும்போதே கண் ஹால் சுவருக்குப் போய்விடும். காப்பி வருவதற்குள் சுவரைப் படித்து முடித்திருப்பார்கள். மஞ்சள் எவ்வளவு, நீலம் எவ்வளவு என்று பார்த்துவிட்டால் போதும், வீட்டுக்காரரிடம் கேட்பதற்கு வேறு ஒன்றும் மிச்சமிருக்காது.

அதற்குப் பெயர் கணக்குச் சுவர். கடன் வாங்கிக் கட்டும் ஒவ்வொரு வீட்டிலும் ஹாலின் பெரிய சுவருக்கு நிறமாறிப் பூச்சு அடித்தாக வேண்டும் என்பது சட்டம். கடன் பத்திரத்தில் விரல் ரேகை பதிந்ததும் வங்கியின் கணினி அந்தச் சுவரோடு பேசும். வீட்டின் உண்மையான விலைக்கு உரிய பங்கு நீலமாகும். கடைசித் தவணை வரை கட்டப்போகும் வட்டிக்கு உரிய பங்கு மஞ்சளாகும். கடன் தீர்ந்தால் சுவர் முழுக்க நீலம். கூட்டல் கழித்தல் வராதவர்கூடச் சுவரைப் பார்த்து, வீட்டுக்கு இவ்வளவு, வங்கிக்கு இவ்வளவு என்று சொல்லிவிடலாம்.

பூச்சைக் கண்டுபிடித்தவள் சம்யுக்தா. பீளமேட்டில் ஒரு பெயின்ட் கம்பெனியின் ஆய்வுக்கூடத்துக்குத் தலைவி. நாற்பத்திரண்டு வயது. பேசினால் எதிராளி வாயை மூடிக்கொள்வார், அப்படி ஒரு நிச்சயம் அவள் குரலில். கடன் பத்திரத்தை எவனும் படிப்பதில்லை, சுவரில் எழுதினால் படித்துத்தானே தீரவேண்டும் என்பது அவள் வாதம். அரசாங்கமும் அதை ஏற்றுக்கொண்டது. சுவர் வாரியம் என்று ஒன்றை அமைத்து அவளையே ஆலோசகராகவும் போட்டது.

வட்டிக்கு மஞ்சளைத் தேர்ந்தெடுத்ததும் அவள்தான். வாடிய இலை மஞ்சள், காமாலைக் கண் மஞ்சள், சாலையில் எச்சரிக்கை விளக்குகூட மஞ்சள். பார்த்தவுடன் மனிதன் பின்வாங்குவான் என்று கணக்குப் போட்டாள். நிறங்களைப் பற்றி அவளுக்குத் தெரியாதது கிடையாது. ஊரைப் பற்றித்தான் யோசிக்காமல் விட்டுவிட்டாள். புதுத் துணியின் ஓரத்திலும் கல்யாணப் பத்திரிகையின் நான்கு மூலையிலும் மஞ்சள் தடவுகிற ஊர் இது. ஹால் சுவர் தானாகவே மஞ்சள் பூசிக்கொண்டால் விடுவார்களா?

"மங்களகரமா இருக்குதுங்க" என்று முதலில் யார் சொன்னார்களோ தெரியாது. மூன்றே வருடத்தில் மஞ்சள் கூடுதலாக உள்ள வீடுதான் ராசியான வீடு என்று ஆகிவிட்டது. தரகர்கள் மாப்பிள்ளை வீட்டைப் பற்றிச் சொல்லும்போது சம்பளத்துக்கு முன்னால் மஞ்சளைச் சொன்னார்கள். மஞ்சள் கூடவேண்டுமானால் வட்டி கூடவேண்டும். வட்டி கூடவேண்டுமானால் கடன் நீளவேண்டும். இருபது வருடக் கடன் முப்பதானது, முப்பது நாற்பதானது. போன தையில் ஐம்பது வருடக் கடன் வந்து இறங்கியது.

சம்யுக்தா இதையெல்லாம் சிரித்துக்கொண்டே பார்த்தாள். தம்பி ரித்விக் போன் செய்த அன்றுதான் சிரிப்பு நின்றது. ஆளில்லாமல் ஓடும் தானோடி வண்டியைப் பிடித்து நேரே அவன் வாங்கப்போகும் வீட்டுக்குப் போனாள். ரித்விக், அவன் மனைவி ஆதிரை, ஆதிரையின் அம்மா ரம்யா மூவரும் வெள்ளையாகக் கிடந்த ஹால் சுவருக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தார்கள். ஆதிரைக்கு அப்போது மூன்றாவது மாதம்.

"வா கண்ணு, வா. நீ சொன்னாத்தான் உன்ற தம்பி கேப்பான்" என்றாள் ரம்யா. "பதினஞ்சு வருஷக் கடனா, அம்பதான்னு இன்னும் ரோசனை பண்ணீட்டே இருக்கறான்."

"பதினஞ்சுதானுங்க அத்தை. இதுல ரோசனை பண்ண என்ன இருக்குது?"

"அதெப்படி கண்ணு? பதினஞ்சுன்னா பாதிச் சொவருகூட மஞ்சளாகாது. வளைகாப்புக்கு எங்க சொந்தமெல்லாம் வந்து நிக்கும். நீலமா நின்னா நல்லாவா இருக்கும்?"

ரித்விக் இடையில் புகுந்தான். "மஞ்சளுக்காக மட்டும் இல்லக்கா. அம்பதுன்னா மாசத் தவணையும் கொறையுது."

"எவ்வளவு?"

"நாலுல ஒரு பங்கு."

"நாலுல ஒரு பங்கு கொறையறதுக்கு மொத்தமா எவ்வளவு கட்டுவேன்னு பாத்தியா? நாலரை வீட்டு வெலைடா. குடியிருக்கப்போறது ஒரு வீடு, மீதி மூணரை வீட்டை வங்கிக்குக் கட்டிக் குடுக்கப்போற. பதினஞ்சு வருஷத்துல முடிச்சா மொத்தமே ரெண்டு வீட்டு வெலைக்கு உள்ளதான் வரும்."

"தெரியும்க்கா" என்றான் ரித்விக், தரையைப் பார்த்துக்கொண்டு.

"உனக்கு இப்ப முப்பத்தி ரெண்டு. முடியறப்ப எம்பத்தி ரெண்டு. அது வரைக்கும் வங்கி உன்னை நம்புமா?"

பதில் ஆதிரையிடமிருந்து வந்தது. "நம்பாதுங்க அண்ணி. அதுக்குத்தான் வாரிசு ரேகை கேக்கறாங்க. குழந்தை பொறந்ததும் அது வெரலை ஒரு தடவை பதியணும். இவரால கட்ட முடியலைன்னா மீதியை அது கட்டணும்." சொல்லும்போது அவள் கை வயிற்றுக்குப் போனது. முகத்தில் விருப்பம் துளியும் இல்லை.

சம்யுக்தா வெள்ளைச் சுவரைத் திரும்பிப் பார்த்தாள். இன்னும் முகமே தெரியாத ஒரு பிள்ளை, பால் குடிக்கும் முன்னால் கடன்காரனாகப் போகிறது. அதுவும் அவள் கலக்கிய மஞ்சளால்.

"பரம்பரைக்கே வீடு" என்று ரம்யா பெருமையாகச் சொன்னாள். நல்ல வேளையாக அடுத்த வாரம் ஆடி பிறக்க இருந்தது. ஆடியில் கடன் பத்திரத்தைத் தொடுவதாவது? ஆவணி முதல் முகூர்த்தத்தில் ரேகை வைப்பது என்று முடிவாயிற்று. தம்பியைக் காப்பாற்ற சம்யுக்தாவுக்கு ஒரு மாதம் கிடைத்தது.

ஒரு மாதம் எதற்கு, ஒரு வாரம் போதும் என்று நினைத்தாள். நிறம்தானே கோளாறு, மாற்றிவிட்டால் போயிற்று. வாரியத்தில் பேசி உத்தரவு வாங்கினாள். ஆடிப்பெருக்கு அன்று காலையில் தமிழ்நாட்டில் இருந்த மஞ்சள் சுவர்கள் எல்லாம் ஒரே நேரத்தில் சாம்பல் நிறமாக மாறின. எரிந்துபோனதைப் பார்த்தால் எவனுக்கும் மனசு வராது என்று நிம்மதியாக ஆய்வுக்கூடத்துக்குப் போய் உட்கார்ந்தாள்.

சாயங்காலம் ரம்யா போன் செய்தாள். "கண்ணு, நீ நல்லா இருக்கோணும். எங்க அடுக்ககத்துல வீடு வீடா வந்து பாத்துட்டுப் போறாங்க. வீடே திருநீறு பூசிட்டு நிக்குது!"

சம்யுக்தா அசரவில்லை. அடுத்த உத்தரவில் சாம்பலைக் கரி நிறமாக்கினாள். கறுப்பை யார் மங்களம் என்று சொல்லப்போகிறார்கள்? மங்களம் என்று யாரும் சொல்லவில்லை. திருஷ்டி கழியும் என்றார்கள். குழந்தைக்குக் கன்னத்தில் பொட்டு வைக்கிற மாதிரி வீட்டுக்கு ஒரு பொட்டு. பொட்டு பெரிசாக இருந்தால் நல்லதுதானே? ஒரு வங்கி விளம்பரமே போட்டது: 'உங்கள் இல்லத்துக்கு ஐம்பது ஆண்டுகள் கண்ணேறு படாது.' கோபத்தில் சிவப்புக்கு மாற்றினாள். ஆடி வெள்ளியும் அதுவுமாக, அம்மனே சுவரில் இறங்கிவிட்டாள் என்று தெருவில் கூழ் ஊற்றினார்கள். ஐம்பது வருடக் கடனுக்கு முன்பதிவு செய்தவர்கள் எண்ணிக்கை ஒரே வாரத்தில் இரண்டு மடங்கானது.

அன்றைக்கு அவள் சாப்பிடக்கூட மறந்து நிறப்பட்டையைப் புரட்டினாள். பச்சை என்றால் வளம். வெள்ளை என்றால் தூய்மை. காவி என்றால் கேட்கவே வேண்டாம். நஷ்டத்துக்கு என்று ஒரு நிறத்தை இந்த ஜனங்கள் ஒதுக்கி வைக்கவே இல்லை. எரிச்சலில் நிறப்பட்டையை மேசைமேல் எறிந்தபோது யோசனை பளிச்சென்று வந்தது. நிறம் என்று ஒன்று இருந்தால்தானே அதற்கு அர்த்தம் கண்டுபிடிப்பார்கள்? வட்டிக்கு நிறமே வேண்டாம்.

பூச்சு கண்ணாடி போல் ஒளிபுகுவதாக மாறவேண்டும், அடியில் இருக்கும் வெறும் சிமென்ட் தெரியவேண்டும். பூச்சில் அதற்கும் வழி இருந்தது. வாரியத்தில் உத்தரவு வாங்கிக்கொண்டு, ஆவணி முகூர்த்தத்துக்கு முந்தின நாள் தம்பி வீட்டுக்குப் போனாள்.

"ரேகை வைக்கறதுக்கு முன்ன ஒரு வெள்ளோட்டம் பாத்துருங்க" என்று சொல்லிவிட்டுச் சுவருக்குக் கட்டளை கொடுத்தாள். "மொதல்ல அம்பது வருஷம்."

சுவரின் அடியில் இடுப்பு உயரத்துக்குக்கூட எட்டாமல் நீலம் படர்ந்து நின்றது. அதற்கு மேலே கூரை வரை வெறும் சிமென்ட். கொத்தனாரின் கரண்டித் தடம்கூடத் தெரிந்தது.

ரம்யா வாயில் கை வைத்துக்கொண்டாள். "ஐயையோ, இதென்ன கண்ணு, காசு பத்தாம பாதில நின்ன வீடாட்டம் இருக்குது!"

"அதுதானுங்க அத்தை நெசம்."

"பதினஞ்சு வருஷத்தையும் காட்டுங்க அண்ணி" என்றாள் ஆதிரை.

நீலம் ஏறியது. தோள் உயரத்தைத் தாண்டி நின்றது. ரம்யா அப்போதும் முகம் சுளித்தாள். ரித்விக் நீலம் நின்ற இடத்தைக் கையால் தொட்டுப் பார்த்தான்.

"பதினஞ்சே போட்டுக்கறேன்க்கா. தவணை கொஞ்சம் இறுக்கும். சமாளிச்சுக்கறோம்."

"வாரிசு ரேகை?"

"பதினஞ்சுக்கு அதெல்லாம் கேக்கறதில்ல."

ஆதிரை ஓடிவந்து சம்யுக்தாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். சம்யுக்தாவுக்குக் கண் கலங்கிவிட்டது. தன் அறிவைப் பற்றி அவளுக்கு என்றைக்கும் சந்தேகம் இருந்ததில்லை என்றாலும், அன்றைக்கு அதன்மேல் பாசமே வந்தது.

ஐம்பது வருடக் கடன் அந்த மாதமே படுத்துவிட்டது. பாதியில் நின்ற வீட்டுக்குள் சொந்தபந்தத்தைக் கூப்பிட யாருக்கு மனசு வரும்? பத்திரிகைகள் சம்யுக்தாவின் படத்தைப் போட்டுப் புகழ்ந்தன. அவளுக்கு அயல்நாட்டிலிருந்து அழைப்பு வந்தது. மூன்று மாதம் அங்கே போய்ப் பாடம் நடத்திவிட்டு, கார்த்திகையில் ஆதிரையின் வளைகாப்புக்கு விமான நிலையத்திலிருந்து நேராக வந்து இறங்கினாள்.

வாசலிலேயே சாம்பார் சாதமும் தேங்காய்ச் சாதமும் மணந்தன. உள்ளே பட்டுப்புடவைகளுக்கு நடுவில் ஆதிரை நலங்கு வைத்த கன்னத்தோடு உட்கார்ந்திருந்தாள். அவளுக்குப் பின்னால் சுவர், தரையிலிருந்து கூரை வரை நீலம். ஒரு விரற்கடை சிமென்ட்கூட இல்லை.

சம்யுக்தாவுக்கு முதலில் பூச்சில்தான் சந்தேகம் வந்தது. சுவரைத் தொட்டுப் பார்த்தாள், நகத்தால் ஓரத்தைச் சுரண்டினாள். பூச்சு சரியாகத்தான் இருந்தது. சுவர் பொய் சொல்லவில்லை, இந்த வீட்டின் மேல் கடன் இல்லை. மூன்று மாதத்தில் எப்படி?

"டேய் ரித்விக், லாட்டரி ஏதாச்சும் அடிச்சுதா?"

ரித்விக் அவளைச் சமையலறைப் பக்கம் தள்ளிக்கொண்டு போனான். முகமெல்லாம் சிரிப்பு. "இல்லக்கா. பாதிச் சொவர் சிமென்ட்டா நின்னா இத்தனை பேர்த்த எப்படிக் கூப்பிடறது? அத்தை ரொம்பச் சங்கடப்பட்டாங்க. அப்பத்தான் நீலக்கடன்னு ஒண்ணு வந்துச்சு. அதைக் குடுக்கறவங்களே வீட்டுக் கடனை மொத்தமா அடைச்சுருவாங்க. நாம அவங்களுக்குத் தனியாக் கட்டிக்கணும். வீட்டை அடமானம் கேக்கறதில்ல. அதனால சொவத்துக்கும் அந்தக் கடனுக்கும் சம்பந்தமே கெடையாது."

"வட்டி?"

"ஒம்பதா இருந்தது பன்னெண்டு. ஆனா தவணை ஏறலைக்கா. சொல்லப்போனா ஒரு நூல் கொறைவு."

சம்யுக்தா மனசுக்குள் கூட்டிப் பார்த்தாள். பன்னிரண்டு சதவீதத்தில் தவணை ஏறாமல் இருக்கவேண்டுமானால் வருடம்தான் ஏறியிருக்கவேண்டும்.

"எத்தனை வருஷம்டா?"

"அம்பதுதான்."

ஆறு வீட்டு விலை. மஞ்சள் சுவர் இருந்த காலத்தில் நாலரையோடு போயிருக்கும். பக்கத்தில் இருந்த அரிசி மூட்டைமேல் உட்கார்ந்தாள். "வீடு அடமானம் இல்லைன்னா, எதை நம்பிடா குடுத்தாங்க?"

ரித்விக் ஹால் பக்கம் திரும்பினான். அங்கே பெண்கள் ஆதிரைக்கு வளையல் அடுக்கிக்கொண்டிருந்தார்கள். "தை மாசம் பொறக்கும்னு டாக்டர் சொல்லியிருக்காங்க. பொறந்த அன்னிக்கே ஆஸ்பத்திரிக்கு வந்து ரேகை எடுத்துக்குவாங்களாம். நாம அலைய வேண்டியதில்ல."

சம்யுக்தா எழுந்து ஹாலுக்கு வந்தாள். வந்தவர்கள் எல்லோரும் நீலச் சுவரைப் பார்த்துப் பெருமூச்சு விட்டுக்கொண்டிருந்தார்கள். கடனே இல்லாத வீடு, கொடுத்து வைத்த பிள்ளை என்று யாரோ சொன்னார்கள். ரம்யா அவள் கையில் வளையல்களைத் திணித்து, பிறக்கப்போகும் குழந்தைக்கு அத்தை முறையில் நீதான் போடவேண்டும் என்று தள்ளினாள். ஆதிரை நிமிர்ந்து பார்த்தாள். மூன்று மாதத்துக்கு முன்னால் கையைப் பிடித்துக்கொண்ட அதே பெண், இன்றைக்குக் கண்ணைப் பார்க்காமல் கையை மட்டும் நீட்டினாள்.

ஆதிரைக்கு வளையலைப் போட்டுக்கொண்டே சம்யுக்தா, பின்னாலேயே வந்து நின்ற தம்பியிடம் தணிந்த குரலில் கேட்டாள். "இவ்வளவு வட்டி கட்டப்போறியே, அது எங்கியாவது கண்ணுல படுதாடா?"

"எப்படிக்கா படும்?" என்றான் ரித்விக், கள்ளம் கபடமில்லாமல். "வட்டிக்கு நிறமே வேண்டாம்னு உத்தரவு வாங்குனது நீதானே?"