மணி அடித்த பிறகும் பாடிய கேசட்

அன்னூர் சுப்பண்ணன் கோபம் ஆறாமல்தான் கோவையில் வக்கீல் வரதராஜுலுவின் அலுவலகத்துக்குள் வந்தார். கூடவே அவர் மகள் மோகனப்பிரியா, பள்ளிச் சீருடையில், குனிந்த தலை நிமிராமல்.

பள்ளிகளுக்கான மாவட்டக் கலைப் போட்டியில் பரதம் ஆடியவள் அவள். பத்து நிமிடக் கெடு முடிந்து மணி அடித்த பிறகும் ஆடினாள் என்று நடுவர் பங்காரம்மா அவளைப் போட்டியிலிருந்தே நீக்கிவிட்டார். கேசட்டில் உள்ள பாட்டு அதற்குள் முடிந்துவிடும். ஆகவே நடுவர் காசு வாங்கிவிட்டார், கோர்ட்டில் முடிவை ரத்து செய்ய வேண்டும் என்றார் சுப்பண்ணன். அதையே அரங்கத்தில் எல்லோர் முன்னாலும் கத்திவிட்டு வந்திருந்தார்.

"கரண்ட் போயி அரங்கத்து டேப் நின்னு போச்சுங்க. எங்க ஜீப்புல இருந்த பேட்டரி டேப்ப நாந்தான் குடுத்தேன். ஊர்ல இருந்து பாட்டுக் கேட்டுட்டே வந்த டேப்புங்க. உதவி செஞ்சதுக்கு இதுதான் பலனுங்களா?"

ஜூனியர் வக்கீல் ரிஃபத்துக்கு மனசு கொதித்தது. அலுவலக டேப்பில் கேசட்டை ஓடவிட்டாள். நடன ஆசிரியை சாந்தாமணியின் மெல்லிய குரல் கெடுவுக்குள்ளேயே முடிந்தது. உடனே மனுவை எழுதிவிடலாம் என்றாள். முதலில் நடுவரைப் பார்ப்போம் என்றார் வரதராஜுலு.

பங்காரம்மா அவர்களை உட்காரவைத்துப் பேசினார். இனி எந்தப் போட்டிக்கும் நடுவராக வரமாட்டேன் என்று சொல்லியனுப்பிவிட்டாராம். நேரத்தை மற்ற நடுவர்களும் பார்த்திருக்கிறார்கள்.

"புள்ள நல்லா ஆடுச்சுங்க. பாடினவருக்குத்தான் குரல் கனம். இழுத்துட்டே போனாருங்க."

வெளியே வந்ததும் வரதராஜுலு நின்றார்.

"பாடினாருன்னாங்க. கவனிச்சியாம்மா?"

பாடியது ஆணா பெண்ணா என்றுகூடக் கேட்காமல் தீர்ப்புச் சொல்லியிருக்கிறார் என்றாள் ரிஃபத். அவர் தலையசைத்து மறுத்தார். அந்த அம்மாள் நன்றாகக் கேட்டதால்தான் அப்படிச் சொன்னார் என்றார்.

வரதராஜுலு சொல்லியனுப்பியபடி, மறுநாள் ஜீப்பிலிருந்த டேப் அப்படியே அலுவலகத்துக்கு வந்து சேர்ந்தது. அதே கேசட்டைப் போட்டார்கள். சாந்தாமணியின் குரல் ஆண் குரலாகத் தடித்து, இழுத்து இழுத்து வந்தது. பத்து நிமிடம் கடந்தும் பாட்டு முடியவில்லை. ரிஃபத் சுவர்க் கடிகாரத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"வழியெல்லாம் பாட்டுக் கேட்டதுல பேட்டரிக் கட்டை ஓய்ஞ்சு போச்சுங்க," என்றார் வரதராஜுலு. "டேப் மெதுவாச் சுத்தினா குரல் தடிக்கும், பாட்டு நீளும். உங்க கேசட்டும் சரி, அவங்க கடிகாரமும் சரி."

சுப்பண்ணன் டேப்பை நிறுத்தினார். பிறகு மகளைப் பார்த்தார்.

"உனக்குத் தெரியுமா கண்ணு?"

"ஆடத் தொடங்கினப்பவே தெரிஞ்சுதுங்கப்பா. நிறுத்தினா எல்லாரும் உங்களத்தான் குறை சொல்லுவாங்கன்னு ஆடிட்டேன்."

மனு எழுதப்படவில்லை. அன்று அரங்கத்தில் கூடியிருந்தவர்கள் முன்னிலையிலேயே மன்னிப்புக் கேட்கிறேன் என்றார் சுப்பண்ணன். அதற்கு முன் பங்காரம்மாவின் வீட்டுக்கு மகளோடு போனார். ரிஃபத்தும் உடன் போனாள்.

"தப்புப் பண்ணிப்போட்டனுங்கம்மா," என்றார். டேப் மெதுவாகச் சுற்றியதைச் சொன்னார்.

பங்காரம்மா நடந்ததைக் கேட்டுக்கொண்டார். முடிவை மாற்ற முடியாது என்றார். பிறகு மோகனப்பிரியாவை அருகில் அழைத்தார்.

"அத்தனை இழுவையிலயும் உனக்கு ஒரு அடிகூடத் தாளம் தப்பல, அம்மணி."

போட்டி முடிந்ததிலிருந்து அழாமல் இருந்த பெண் அப்போதுதான் அழுதாள்.