பிடரியில் காயமில்லை

போன் அலறியது.

ஒரு குழந்தையின் காதுக்குள் டார்ச் அடித்துப் பார்த்துக்கொண்டிருந்த டாக்டர் அம்ருதவல்லி எரிச்சலோடு எடுத்தாள்.

ஒரகடம் கூட்டு ரோட்டுக்குப் பக்கத்தில் இருந்த அந்தத் தனியார் மருத்துவமனையில் அவள்தான் காது மூக்கு தொண்டை நிபுணர். முட்டாள்களைப் பொறுத்துக்கொள்ளும் நரம்பு அவளுக்குப் பிறவியிலேயே இல்லை என்று நர்ஸுகள் பேசிக்கொள்வார்கள்.

உண்மைதான்.

"மேடம்... டியூட்டி டாக்டர் பாபு பேசறேன், எமர்ஜென்சிலேர்ந்து. கம்பெனி ஆளு ஒருத்தர்... வீசிங்! நெபுலைசர் ரெண்டு தடவை வெச்சுட்டேன். கேக்கவே மாட்டேங்குது!"

"வீசிங்னு யாரு சொன்னது?"

"கூட வந்த ஹெச்.ஆர். சொன்னாரு மேடம்..."

"பேஷ்! அவரு எந்த மெடிக்கல் காலேஜ்? போனைப் பேஷன்ட் வாய்கிட்ட கொண்டு போ."

கேட்டாள்.

க்ர்ர்ரீ...ச்!

துருப்பிடித்த கேட்டை இழுப்பது போல ஒரு சத்தம். மூச்சை உள்ளே இழுக்கும்போது மட்டும்!

"பாபு! வீசிங் மூச்சை வெளிய விடறப்பதான் அதிகமா கேக்கும். இது உள்ள இழுக்கறப்ப கேக்குது. அடைப்பு நெஞ்சுல இல்ல... தொண்டையில! அந்த நெபுலைசரைத் தூக்கிக் கடாசிட்டு ஆக்ஸிஜன் வை!"

ஓடினாள்.

இசக்கிபாண்டி கட்டிலில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தான். தூத்துக்குடிப் பக்கத்து ஆள். கார் உதிரிபாகம் செய்யும் கம்பெனியில் ப்ரஸ் மெஷின் ஆபரேட்டர். ஒவ்வொரு மூச்சுக்கும் தொண்டைக்குழி உள்ளே குழிந்தது. உதடு நீலம் பூத்திருந்தது.

பக்கத்தில் ஒரு கோட்டு, ஒரு டை, கழுத்தில் தொங்கும் கம்பெனி டேக். சிரிப்பதற்கென்றே சம்பளம் வாங்கும் முகம்.

"டாக்டர், நான் சக்ரபாணி, ஹெச்.ஆர். மேனேஜர். இவருக்குச் சின்ன வயசுலேர்ந்தே வீசிங். ஃபைல்ல அப்படியே எழுதிட்டா... போலீஸ் கேஸ், அது இதுன்னு அலைய வேண்டாம்..."

"வெளியே போங்க."

"இல்ல டாக்டர், மேனேஜ்மென்ட் சைடுல..."

"வெளியேன்னா கதவுக்கு அந்தப் பக்கம். கையைப் புடிச்சுக் கூட்டிட்டுப் போகணுமா?"

சிரிப்பு மாறாமலே சக்ரபாணி போனான்.

"சொல்லு பாபு! தொண்டை எதனாலெல்லாம் அடைக்கும்? பரீட்சையில எழுதினியே!"

"ஏதாவது... மாட்டிக்கிட்டா மேடம்..."

அவள் இசக்கிபாண்டியைப் பார்த்தாள். "சாப்பிட்டுக்கிட்டு இருந்தீங்களா?"

இல்லை என்று தலையசைத்தான்.

"அடுத்தது!"

"அலர்ஜி வீக்கம்... ஆனா உதடு வீங்கலை, தடிப்பும் இல்ல. இன்ஃபெக்‌ஷன்னா காய்ச்சல் இருக்கும், எச்சில் ஒழுகும்... அதுவும் இல்ல..."

"பரவாயில்லையே, மண்டையில கொஞ்சம் ஒட்டியிருக்கு!"

இசக்கிபாண்டியின் சட்டைக் காலரைத் தளர்த்தினாள். குரல்வளையின் குறுக்கே ஒரு கருஞ்சிவப்புக் கோடு! விரல் வைத்தாள். தோலுக்கு அடியில் அரிசிப்பொரி நொறுங்குவது போல நறநறவென்றது. எடுப்பாக இருக்க வேண்டிய குரல்வளை தட்டையாக அமுங்கிக் கிடந்தது.

"காத்து கசிஞ்சு தோலுக்கடியில நிக்குது. குரல்வளை உடைஞ்சிருக்கு!"

பாபு பதறிப்போய் வாய்வழி போடும் ட்யூபை எடுத்தான்.

"கீழ போடு அதை! உடைஞ்ச இடத்துல ட்யூபைக் குத்தினா, இருக்கற துளி வழியும் அடைஞ்சு இங்கேயே செத்துடுவாரு. அடைப்புக்குக் கீழ துளை போடறோம். கத்தி குடு!"

இசக்கிபாண்டி அவள் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டான். அந்தப் பிடியில் ஊருக்குத் திரும்பிப் போகவேண்டும் என்கிற கெஞ்சல் இருந்தது. அம்ருதவல்லிக்கு அந்த நொடி பயமாகத்தான் இருந்தது. அதை முகத்தில் காட்ட அவளுக்கு நேரமில்லை.

"மரத்துப்போற ஊசி போட்டுதான் பண்ணுவேன். அசையாதீங்க. மிச்சத்தை நான் பாத்துக்கறேன்."

கத்தி இறங்கியது.

ஒரு நொடி... இரண்டு...

உஸ்ஸ்ஸ்!

காற்று உள்ளே பாய்ந்தது. நீலம் மெல்ல விலகியது. துளையில் பொருத்திய குழாய் நகராமல் இருக்க, நாடாவைக் கழுத்தைச் சுற்றிப் பின்னால் கொண்டுபோய்க் கட்டினாள்.

கட்டும்போது பிடரியைப் பார்த்தாள். அங்கே ஒரு கீறல்கூட இல்லை.

வெளியே வராந்தாவில் சக்ரபாணியோடு இன்னொருவன் நின்றிருந்தான். கண் கலங்கியிருந்தது. கை கூப்பினான்.

"மேடம், நான் கிருஷ்ணா. பர்ச்சேஸ் மேனேஜர். சார் பயந்துகிட்டு மறைக்கிறாரு, எனக்கு மனசு கேக்கல. இது ஆக்சிடென்ட் மேடம்! இசக்கி கழுத்துல தொங்கின டேக் கன்வேயர் ரோலர்ல மாட்டி இழுத்துடுச்சு. நான்தான் கத்தரிக்கோலால வெட்டிக் காப்பாத்தினேன்!"

"யோவ் கிருஷ்ணா..!" சக்ரபாணியின் சிரிப்பு முதல்முறையாகச் செத்தது.

"அட, உங்க கம்பெனியில மனுஷன்கூட இருக்கானா!" என்றாள் அம்ருதவல்லி.

அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு போலீஸைக் கூப்பிட்டாள்.

இன்ஸ்பெக்டர் எழிலரசன் வந்து, எல்லாவற்றையும் கேட்டுத் தொப்பியைக் கழற்றினார்.

"இன்னா மேடம், கம்பெனி ஆக்சிடென்ட்டுக்கா இவ்ளோ அவசரமா கூப்டீங்க?"

"உங்க கழுத்துல ஒரு கயிறு தொங்குதுன்னு வெச்சுக்குங்க. எதிர்ல இருக்கற மெஷின் அதை இழுத்தா, கயிறு எங்க அழுத்தும்?"

எழிலரசன் கைக்குட்டையைப் பிடரி வழியாகப் போட்டு முன்பக்கம் இழுத்துப் பார்த்தார். கண் விரிந்தது.

"பின்கழுத்துல!"

"அங்க ஒண்ணுமே இல்ல. நொறுங்கினது முன்பக்கம். பின்னாலேர்ந்து ஒருத்தன் இழுத்திருக்கான்."

"அப்போ அந்த ஹெச்.ஆர். பன்னாடதான்! வீசிங்னு சொல்லி மூடப் பாத்திருக்கான்!"

"அந்த ஜென்மம் கை துண்டானாலும் வீசிங்னுதான் எழுதும். அது பழக்கதோஷம். டேக் கதையைச் சொன்னது யாரு? இந்த ரோட்டுல எத்தனை கம்பெனி ஆளுங்களுக்கு வைத்தியம் பாத்திருக்கேன்! மெஷின் லைன்ல நிக்கறவங்க கழுத்துல டேக் தொங்கி நீங்க பாத்திருக்கீங்களா?"

எழிலரசன் மேஜையைத் தட்டினார்.

"ஆமா மேடம்! என் மச்சான் லைன்லதான் கீறான். உள்ள போறதுக்கு முன்னாடி கழட்டிப் பாக்கெட்ல போட்டுக்கணும். தொங்கிக்கினு நின்னா சூப்பர்வைசர் வூட்டுக்கு அனுப்பிடுவான்!"

"ஏசி ரூம்லேர்ந்து பாக்கறவனுக்குத்தான் ஊர்ல எல்லார் கழுத்துலயும் டேக் தொங்கற நெனப்பு."

நர்ஸ் கொண்டுவந்த சட்டையில் தேடினார்கள். பாக்கெட்டில் இசக்கிபாண்டியின் டேக், நாடா சுருட்டியபடி முழுசாக இருந்தது.

சாயங்காலத்துக்குள் எழிலரசன் லைன் ஆட்களைப் பிடித்து விஷயத்தைக் கறந்துவிட்டார்.

"ப்ரஸ்ல கை போனா மெஷின் தானா நிக்கணும்ல மேடம், அந்த சென்சாரெல்லாம் போலியாம். போன மாசம் ஒரு ட்ரெய்னி பொண்ணுக்கு வெரல் போச்சி. நாளைக்கு ஃபேக்டரி இன்ஸ்பெக்‌ஷன். அதுல சொல்லிடுவேன்னு இசக்கி சொல்லிக்கினு இருந்தானாம். சென்சார் வாங்கிப் போட்டது கிருஷ்ணா!"

"அப்ப தூக்குங்க."

"பொய் சொன்னான்னுதான் சாட்சி கீது. 'பதட்டத்துல சரியா பாக்கல'ன்னு சொல்லிட்டான்னா? நெரிச்சதை இசக்கிதான் சொல்லணும். நீங்க கழுத்துல ஓட்டை போட்டுட்டீங்களே!"

"உடைஞ்சதைச் சரி பண்றேன். வீக்கம் வடியற வரைக்கும் மயக்க மருந்துலதான் வெச்சிருப்பேன், எழுதிக் காட்டக்கூட முடியாது. அதுவரைக்கும் வாசல்ல ஒரு கான்ஸ்டபிளை நிறுத்துங்க."

இன்ஸ்பெக்‌ஷன் தள்ளிப்போனது. கிருஷ்ணா தினமும் ஹார்லிக்ஸ் பாட்டிலோடு வந்தான். கண்ணைத் துடைத்துக்கொண்டு தினமும் ஒரே கேள்வி கேட்டான்.

"இனிமே பேச்சு வருமா மேடம்?"

"கஷ்டம்தான் சார்," என்று அவளும் தினமும் சொன்னாள்.

அவன் திரும்பிப் போகும்போது நடையில் ஒரு நிம்மதி தெரியும்.

வீக்கம் வடிந்த காலையில், கட்டிலைச் சுற்றி எல்லாரும் நின்றார்கள். எழிலரசன் சக்ரபாணியையும் கிருஷ்ணாவையும் வரவழைத்திருந்தார்.

"ஒரு சந்தோஷ சமாச்சாரம் கிருஷ்ணா சார்!" என்றாள் அம்ருதவல்லி. "இந்தத் துளையை நான் விரலால மூடினா, மூச்சு மேல குரல்வளை வழியா போகும். இப்ப இசக்கி பேசுவாரு!"

கிருஷ்ணாவின் நெற்றியில் வியர்வை அரும்பியது.

"வேண்டாம் மேடம்... அவருக்கு வலிக்கும்..."

"உங்க கருணைக்கு அளவே இல்ல சார்."

விரலை வைத்தாள்.

இசக்கிபாண்டி கிருஷ்ணாவை நிமிர்ந்து பார்த்தான். வாயைத் திறந்தான். கரகரவென்று காற்று வந்தது...

"நம்பாதீங்க!" கிருஷ்ணா வீறிட்டான். "கொல்லணும்னு நெனைக்கல சார்! இன்ஸ்பெக்‌ஷன்ல வாயைத் திறக்காதேன்னு மெரட்டத்தான்... ஸ்டோர் ரூம்ல பின்னாலேர்ந்து என் டேக்கைப் போட்டு இழுத்தேன்... கை ஓவரா இறுக்கிடுச்சு! டேக்கை வெட்டி ஸ்க்ராப் தொட்டிக்குள்ளதான் போட்டிருக்கேன்... சத்தியமா மெரட்டத்தான் சார்!"

சக்ரபாணி இரண்டடி நகர்ந்து நின்றுகொண்டான். "இவருக்கும் எங்க மேனேஜ்மென்ட்டுக்கும் எந்தச் சம்பந்தமும் இல்ல சார்!"

"உன் வீசிங் கதைக்குத் தனியா கேஸ் கீது. வாய மூடிக்கினு நில்லு!" என்ற எழிலரசன் விலங்கை எடுத்தார். "அதான் இசக்கி, உன் ஆளு முந்திக்கினான். நீ சொல்ல வந்ததையும் சொல்லிடு!"

இசக்கிபாண்டி திருதிருவென்று விழித்தான். காய்ந்த உதடுகள் அசைந்தன.

"பொறத்தால நின்னு... இழுத்தது ஆருன்னு... நான் பாக்கவே இல்லியே டாக்டரம்மா... தண்ணி தவிக்குன்னுல்லா... சொல்ல வந்தேன்!"

கிருஷ்ணாவின் வாய் பிளந்தது.

அம்ருதவல்லி நர்ஸ் பக்கம் திரும்பினாள்.

"சிஸ்டர், இசக்கிக்கு ரெண்டு ஸ்பூன் தண்ணி குடுங்க. கிருஷ்ணா சாருக்கு ஒரு சொம்பு நிறைய... இவ்வளவும் தானே பேசினதுல தொண்டை அடைச்சிருக்கும்!"