கிழக்கு பார்க்காத கற்கள்

அம்மாவின் கல்லறைக் கல் இந்த வருடமும் திரும்பியிருந்தது.

லியோட்டாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. டாபின்ஸ் பெண்ட் ஊரில் செத்தவர்களைக் கிழக்கே பார்க்க வைத்துத்தான் புதைப்பார்கள். கடைசி நாளில் எழும்போது சூரியன் முகத்தில் பட வேண்டும். அம்மா சாகும்போது கேட்ட ஒரே சத்தியம் அதுதான். சர்ச்சை மூடி, கடைசி வீடும் இடிந்து, ஊரே இல்லை என்றான பிறகும், லியோட்டா ஒவ்வொரு மே மாதமும் காபி டப்பாவில் பியோனிப் பூக்களோடு வந்து, முழங்கால் உயரப் புல்லை அரிந்து, அந்தக் கல்லை நேராக்கிவிட்டுப் போவாள். அடுத்த மே மாதம் அது தெற்கே, ஆற்றோரப் பள்ளத்தைப் பார்த்து நிற்கும்.

பள்ளத்தில் ஒரு காலத்தில் ஷானி பழங்குடி மக்களின் ஊர் இருந்தது. அறுவடைக்கு நின்ற மக்காச்சோளத்தோடு அதைக் கொளுத்தியவர்கள்தான் டாபின்ஸ் பெண்டைக் கட்டினார்கள். சர்ச்சில் அதை வீரக் கதையாகச் சொல்வார்கள்.

"ஈர மண்ணு அக்கா, இறங்குது," என்றான் தம்பி ஆர்வில். "விட்டுத் தொலை."

"இறங்குற கல்லு சாயும்டா. திரும்புமா? கடப்பாரைய எடு."

இருவரும் நெம்பி நேராக்கினார்கள். அவள் ஓடையில் தண்ணீர் மொண்டு வந்தாள். கல் தெற்கே பார்த்தது.

"அறுபது வயசுல விளையாட்டா உனக்கு?"

"நான் தொடவே இல்லக்கா."

மறுபடி நெம்பினார்கள். பூவை எடுக்கத் திரும்பினாள், அவ்வளவுதான். கல் தெற்கே. அழுகையே வந்துவிட்டது அவளுக்கு. ஒரே ஒரு சத்தியம், அதைக்கூடக் காப்பாற்ற முடியவில்லை.

கீழே யாரோ உரலில் இடித்தார்கள். தொப். தொப். கருகும் சோள வாசனை. பள்ளத்தில் வீடே கிடையாது.

அப்போதுதான் மற்ற கற்களைப் பார்த்தாள். எல்லாமே தெற்கே.

"ஆர்வில், வண்டிய எடு."

அவன் பள்ளத்தைப் பார்த்தபடி நின்றான். தோளைப் பிடித்துத் திருப்பினாள். கனமாக, மெதுவாக, பழையபடி தெற்கே திரும்பினான். கண்ணில் நீர் வழிந்தது. இமை மூடவில்லை.

"வாடா. கெஞ்சிக் கேக்குறேன்."

தொப். தொப்.

வண்டி வடக்கே நின்றது. ஓடினாள். ஓடியதாகத்தான் நினைத்தாள். பூ டப்பா கைநழுவி விழுந்தது. குனிந்தாள். அவள் ஷூவின் நுனி தெற்கே இருந்தது.

காலைத் திருப்பினாள்.

கால் திரும்பி வந்தது.

பள்ளத்தில் மக்காச்சோளம் இன்னும் எரிந்துகொண்டிருந்தது.