அணைந்த நட்சத்திரத்தின் வாக்கு

விசுவலிங்கத்தின் விளக்கு சூடாக இருந்தது.

குமுதா விரலைச் சட்டென்று இழுத்துக்கொண்டாள். பாசார் மாலாம் இரவுச் சந்தையில் வாங்கிய, தலையைத் தட்டினால் எரியும் சின்னப் பிளாஸ்டிக் விளக்கு. அவர் வீட்டு மேசையில் அப்படி மூன்று இருந்தன. ஒன்று அவளுக்கு, ஒன்று கூட விளையாடும் கோகுலனுக்கு, மூன்றாவது செத்துப்போன விசுவலிங்கம் அங்கிளுக்கு. முப்பத்தோராம் நாள் காரியத்தன்று அதன் பேட்டரிகளைக் கழற்றி அவர் மனைவி யோகம்மாவிடம் கொடுத்ததே குமுதாதான். வெயில் பட்டிருக்கும் என்று சமாதானம் சொல்லிக்கொண்டாள். ஆனால் ஜெலுத்தோங் வட்டாரம் முழுக்க மதியத்திலிருந்து மழை கொட்டிக்கொண்டிருந்தது.

ஆறு வருடமாக அவளுடைய சனிக்கிழமைகளை இந்த மேசை தின்றிருக்கிறது. விளையாட்டை உண்டாக்கியவர் அங்கிள். ஆளுக்கொரு நட்சத்திரம், நட்சத்திரங்கள் கூடி ஆளும் அரசாங்கம். அங்கே அரசனும் கிடையாது, பெரும்பான்மையும் கிடையாது. ஏதோ ஒரு கிரகத்துக்குக் குடிதண்ணீர் அனுப்புவதானாலும் எல்லா விளக்கும் எரிந்தாக வேண்டும். ஒன்று இருண்டிருந்தால் மறுபடி முதலிலிருந்து பேச வேண்டும். முடிவு வராமல் யாரும் எழக் கூடாது. துறைமுகத்தில் முப்பது வருடம் கணக்கெழுதும் கிராணியாக இருந்த மனுஷன் தீர்மானத்தில் ஒரு வார்த்தை பிடிக்கவில்லை என்று நாலு மணி நேரம் விளக்கைத் தட்டாமல் உட்கார்ந்திருப்பார். அப்போதெல்லாம் குமுதாவுக்குத் தலையை எங்கேயாவது முட்டிக்கொள்ளலாம் போலிருக்கும்.

இன்றைக்கு வந்திருக்கவே கூடாது. இரண்டு வருடம் வேலையில்லாமல் இருந்து, திங்கட்கிழமை சிங்கப்பூரில் சேர வேண்டும். மகள் துளசிக்குக் கீழ்மாடியில் டியூஷன் ஐந்து மணிக்கு முடியும். அவளைக் கூட்டிக்கொண்டு ஏழு மணி பஸ்ஸைப் பிடிக்க வேண்டும். கோகுலன்தான் கேட்கவில்லை. அங்கிள் ஆரம்பித்ததை முறைப்படி முடித்து வைக்க வேண்டுமாம்.

"சபையைக் கலைக்கலாமா?" என்று அவன் சடங்குபோலக் கேட்டான். இருவரும் தட்டினார்கள். இரண்டு விளக்குகள் எரிந்தன. மூன்றாவது இருண்டே இருந்தது.

கோகுலன் அங்கிளின் நோட்டுப் புத்தகத்தைத் திருப்பிக் காட்டினான். "அணைந்த நட்சத்திரத்தின் ஒளி வந்து சேரும் காலம் வரை அதன் வாக்கு செல்லும்."

"இது நீங்க போட்ட சட்டம்லா அக்கா" என்றான்.

அவள் போட்டதுதான். விளையாட்டில் அவளுடைய நட்சத்திரம் வெடித்து இடம் பறிபோக இருந்தபோது, தோற்க மனமில்லாமல் வாதாடி வாங்கிய சட்டம். வெடித்தால் என்ன, பழைய வெளிச்சம் இன்னும் நாற்பது வருடம் வந்துகொண்டிருக்குமே என்று மடக்கினாள். அங்கிள் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுதி வைத்தார்.

போதும் இந்தக் கூத்து என்று குமுதா எழப் பார்த்தாள். எழவில்லை. கால்கள் தரையில் இருந்தன, விரல்களை அசைக்க முடிந்தது, முட்டி மட்டும் நிமிர மறுத்தது. மரத்துப்போயிருக்கும் என்று தொடையைத் தேய்த்தாள். எதிரே கோகுலனும் தேய்த்துக்கொண்டிருந்தான். அவன் முகத்தில் சிரிப்பு போயிருந்தது. மழைச் சத்தத்துக்கு அடியில் அங்கிள் பூசும் தைல வாசனை மெல்ல ஏறி வந்தது.

"அங்கிள்," என்றான் கோகுலன், இருண்ட விளக்கைப் பார்த்து. "நான் போகலாமா?"

பேட்டரி இல்லாத விளக்கு எரிந்தது.

அவன் நாற்காலியைக் கவிழ்த்துக்கொண்டு ஓடினான். செருப்பைக்கூட மாட்டவில்லை. வாசல் கதவு திறந்தபடி ஆடியது. அங்கிளின் விளக்கு மறுபடி அணைந்தது.

குமுதா தானும் போகலாமா என்று கேட்டாள். இருட்டு. கெஞ்சினாள். மகள் காத்திருப்பாள் என்றாள், வேலை போய்விடும் என்றாள். இருட்டு. இரண்டு கையாலும் மேசையை உந்தினாள். மேசைதான் நகர்ந்தது. மணி ஐந்தே கால். கைப்பேசியை எடுத்துக் கோகுலனை அழைத்தாள். அவன் எடுக்கவில்லை.

யோகம்மா சமையலறையிலிருந்து தேத்தண்ணீர்க் கோப்பையோடு வந்தார். எரியும் விளக்குகளையும் எரியாத விளக்கையும் பார்த்தார். அவர் ஆச்சரியப்படவில்லை.

"உங்களிலை அவருக்கு நல்ல விருப்பம், பிள்ளை," என்றார். "அவரோட சண்டை பிடிக்க வேற ஆர் இருக்கினம்?" கோப்பையை வைத்துவிட்டு உள்ளே போனார். கதவு சாத்தப்பட்டது.

கோபம் தலைக்கேறியது. செத்த பிறகுமா? ஆறு வருடம் போதாதா? ஒரு சொல்லுக்காக, ஒரு கமாவுக்காக உட்கார வைத்த கிழவன், இப்போது பிழைப்பையே பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். அவளுக்குக் கண்ணீர் வந்தது. அது பயத்தால் அல்ல, எரிச்சலால்தான்.

"யாரை வேணும்னாலும் என் இடத்துல உட்கார வச்சுக்குங்க," என்று கத்தினாள். "என்னை விடுங்க!"

தன் விளக்கை அணைத்து, மறுபடி ஓங்கித் தட்டினாள். எரிந்தது.

அங்கிளின் விளக்கும் எரிந்தது.

முட்டி நிமிர்ந்தது. நின்றாள். நடந்தாள். கடவுளே. மூலையில் கிடந்த பையைக் குனிந்து எடுத்து, கைப்பேசியை உள்ளே போட்டு, ஜிப்பை இழுத்தாள். பின்னால் ஈரச் செருப்பின் சத்தம். நாற்காலி கிரீச்சிட்டது.

"கோகுலன் அங்கிள் ஓடிப் போனாரு. நீங்க வரலன்னு நானே மேல வந்துட்டேன்மா."

குமுதா திரும்பினாள். துளசி அம்மாவின் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். தலைமுடியிலிருந்து மழைநீர் மேசையில் சொட்டியது. விளக்குகள் எல்லாம் அணைந்திருந்தன.

"எழுந்திரு."

துளசி முயன்றாள். மறுபடி முயன்றாள்.

"கால் வரலம்மா."

குமுதா பிள்ளையின் அக்குளில் கைகொடுத்துத் தூக்கினாள். வரவில்லை. இடுப்பைப் பிடித்து இழுத்தாள். துளசி வலியில் அலறினாள். விட்டாள். தன் பழைய விளக்கைத் தட்டினாள். எரியவில்லை. மறுபடி தட்டினாள். அவளுக்கு எரியாது. அவள் இப்போது சபையில் இல்லை.

"நீ தட்டு. நான் போகலாமான்னு கேளு. கேளுடி."

துளசி கேட்டாள். சின்னக் கையால் தட்டினாள். அவள் விளக்கு எரிந்தது.

குமுதா இருண்டே கிடந்த அங்கிளின் விளக்கையே பார்த்துக்கொண்டிருந்தாள். மழை விட்டது. பஸ் நேரம் போனது. கோகுலனின் நாற்காலியை நிமிர்த்தி மகளுக்கு எதிரே உட்கார்ந்தாள், எழுந்தாள், உட்கார்ந்தாள். அவளால் எத்தனை தடவை வேண்டுமானாலும் எழ முடிந்தது.