வேர்ப் பின்னல்

ஆகாயத்தாமரையின் வேரை யாரோ சடை பின்னியிருந்தார்கள்.

ஓய்வுபெற்ற தலைமைப் பொறியாளர் செடியைத் தலைகீழாகத் தூக்கிப் பிடித்து, மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, இறக்கி, மறுபடி பார்த்தார். மூன்று பிரி. கோணல்மாணலாக இருந்தாலும் பின்னல்தான். சொட்டிய நீரில் சேற்று வாடையோடு வேறொரு வாடையும் இருந்தது; துவைக்காத தலையணை உறையில் வருமே, அது.

தோட்டத்து சிமெண்டுக் குளம் அவருடைய ஓய்வுக்காலச் சாதனை. இலையின் மேல்பக்கம் நனையக் கூடாது, நீர் சலசலக்கக் கூடாது என்று, கேட்டவர் கேட்காதவர் எல்லோருக்கும் வகுப்பெடுப்பார். செடி விற்றவர் மட்டும், வாராவாரம் பாதியை அள்ளி எறியுங்கள், அடியில் இருப்பதற்கும் காற்று வேண்டாமா என்று சொல்லியிருந்தார். பொறியாளர் ஒன்றைக்கூட எறியவில்லை. விருந்தாளிகள் புல்வெளி என்று நம்பி வாயைப் பிளப்பார்களே, அதை எப்படி விடுவது? போனால் போகிறதென்று பிளாஸ்டிக் குழாயை வளையமாக்கி மிதக்கவிட்டார். அதற்குள் மட்டும் செடி கிடையாது. மீனுக்குத் தீனி போட. தட்டகலத் துவாரத்துக்கு ‘சுவாசச் சாளரம்’ என்று பெயர் சூட்டியும் ஆயிற்று. மீன்கள்தான் சில நாட்களாகத் தீனிக்கு மேலே வருவதில்லை.

காலையில் மகள் குழந்தையை விட்டுவிட்டு வேலைக்கு ஓடினாள். “குளத்துப் பக்கம் தனியா விட்டுடாதீங்கப்பா. தலை பின்ன நேரமில்ல, நீங்க பின்னிவிடுங்க.” பாலங்கள் கட்டியவருக்குச் சடை கட்ட வரவில்லை. இடுப்பு வரை நீண்ட முடியோடு மல்லுக்கட்டி, பேத்தி அழுது, இருவரும் சமாதானமாகி, விரித்த தலையோடு விட்டுவிட்டார்.

“இது உன் வேலையா?” வேரைக் காட்டினார்.

“எனக்குப் பின்னத் தெரியாதே தாத்தா. உங்களுக்கும் தெரியல.”

மறுக்க முடியாத வாதம். படம் வரையச் சொல்லி அவளை உள்ளே அனுப்பிவிட்டு, செடிக்காரருக்கு போன் போட்டார். வேருக்கெல்லாம் அழகு நிலையமா சார் என்று சிரித்தவர், பாதியை எடுத்தீங்களா என்று கேட்டார். பொறியாளர் பேச்சைத் துண்டித்தார்.

பொழுது சாய்ந்துகொண்டிருந்தது. காற்று செடிகளை மெல்ல நெருக்க, இலையோடு இலை உரசும் ஓசை, யாரோ உலர்ந்த உள்ளங்கைகளைத் தேய்த்துக்கொள்வது போல, குளம் முழுக்கப் பரவியது. அவர் கரையோரமாகக் குனிந்தபடி நகர்ந்து, கைக்கெட்டிய செடிகளை ஒவ்வொன்றாகத் தூக்கினார். எல்லாமே பின்னல். முதலில் எடுத்தவை தளர்ந்தவை. பாதியில் அவிழ்ந்தவையும் உண்டு. போகப் போக இறுக்கம். பிறகு நேர்த்தி. கடைசியாக எடுத்ததில் ஒரு பிசிறு இல்லை. நுனியில், முடிச்சுக்கு, ஒரு மீன் முள்.

யாரோ பழகிப் பார்த்திருக்கிறார்கள்.

எதற்கு?

அவர் நிமிர்ந்தார். எப்போதும் நடுவில் மிதக்கும் வளையம் அங்கே இல்லை. காற்றுக்கு எதிராக நகர்ந்து, வீட்டுப் பக்கக் குளத்துச் சுவரோடு சேர்ந்திருந்தது.

சுவர்மேல் பேத்தி. குளத்துக்கு முதுகு காட்டி, சம்மணமிட்டு, மோவாயை உயர்த்தி.

கூப்பிட வாய் திறந்தார்.

“சத்தம் போடாதீங்க தாத்தா,” என்றாள், கண்ணை மூடியபடியே. “அசையக் கூடாதாம். இன்னும் ஒரு பக்கம்தான் பாக்கி.”

தோளின் முன்னால் ஒரு சடை. ஈரம் சொட்டியது. ஒரு பிசிறு இல்லை.

மற்ற பாதி முடி பின்னால் இறங்கி, வளையத்துக்குள், நீருக்கடியில். விறைப்பாக.

வளையத்துக்குள் தண்ணீர் அசையவே இல்லை. அவள் தலை மட்டும், பிரிக்குப் பிரி, மெல்லப் பின்னால் சாய்ந்துகொண்டிருந்தது.