வரிசையில் கடைசியாக வந்தவர்

“அம்மா, எங்களுக்குப் பின்னால வந்த மாமா எங்க?”

துஷ்யா இதைக் கேட்டது தோக்கியோவில், ஹோட்டலுக்குத் திரும்பும் ரயிலில், ஈரச் சப்பாத்தைக் கழற்றிவிட்டுக் காலை மடித்து உட்கார்ந்தபோது. அவளுக்கு ஏழு வயது. அவர் தன்னுடைய ஹோட்டலுக்குப் போய்விட்டார் என்று தயாளினி சொன்னாள். “எப்ப உங்களுக்குச் சொன்னவர்?” என்று பிள்ளை மறுபடி கேட்டாள். தயாளினி துவாயை எடுத்து அவளுடைய தலையைத் துடைக்கத் தொடங்கினாள். பதில் சொல்லாமல் இருக்க அது வசதியாக இருந்தது.

லண்டனுக்குத் திரும்பிய வாரமே அது தொடங்கியது. தயாளினிக்கு இல்ஃபோர்டில் ஒரு பல் மருத்துவ நிலையத்தின் வரவேற்பு மேசையில் வேலை. பின்னேரம் மனோர் பார்க்கில் ரயிலை விட்டு இறங்கி, நிலைய வாசலில் பயண அட்டையைத் தட்டினாள். தடுப்புக் கதவு திறந்தது, அவள் கடந்தாள். வழக்கமாக முதுகுக்குப் பின்னால் உடனே ‘டப்’ என்று மூடும். அன்றைக்கு மூடவில்லை. நடக்கச் சிரமப்படும் ஒருவர் நிதானமாகக் கடந்து வருவதற்கு எவ்வளவு நேரம் பிடிக்குமோ அவ்வளவு நேரம் திறந்தபடியே நின்று, அதன் பிறகு மெல்ல மூடியது. அந்த இடைவெளியில், நவம்பர்க் குளிருக்குள், கரியில் வாட்டிய கோழி இறைச்சியின் இனிப்பும் புகையும் கலந்த வாசம் அவளைத் தாண்டிப் போனது.

அந்த வாசம் அவளுக்குத் தெரியும்.

விடுமுறைக்குப் போன தோக்கியோவில் ஒரு மாலைப் பொழுதைக் கழிக்க, ஷின்ஜுகுவின் இரவுத் தெருக்களைச் சுற்றிக் காட்டும் சின்ன நடைப் பயணம் ஒன்றில் சேர்ந்திருந்தார்கள். மிகா என்ற இளம் வழிகாட்டி மஞ்சள் குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு முன்னால் நடந்தாள். தலைக்கு மேலே மாடி மாடியாக எரியும் விளக்கெழுத்துகள், பாட்டுக் கூடங்களிலிருந்து வழியும் இரைச்சல், வாசலில் நின்று ஆட்களைக் கூவி அழைக்கும் இளைஞர்கள். அதையெல்லாம் தாண்டியதும் ஓர் ஆள் அகலமே உள்ள சந்துகள், நாலைந்து பேர் தோளுரசி இருக்கக்கூடிய பொட்டுப் பொட்டான மதுக்கடைகள், அவற்றின் அடுப்புகளில் கரியில் வாடும் கோழி இறைச்சியின் புகை. மழை தூறிக்கொண்டிருந்தது. சந்துக்குள் நுழைய முன் மிகா எல்லோரையும் வரிசையாக நிறுத்தினாள். உள்ளே தன்னால் எல்லோரையும் கவனிக்க முடியாது, ஆகவே ஒவ்வொருவரும் தனக்குப் பின்னால் வருபவரைப் பார்த்துக்கொள்ள வேண்டும் என்றாள். தான் குடையை உயர்த்தும்போது திரும்பிப் பார்த்து, அவர் நலமாக வருகிறார் என்றால் பெருவிரலைக் காட்டினால் போதும் என்று சிரித்தபடி சொன்னாள்.

முன்னால் கணவன் பிரியந்தன், அவனுக்குப் பின்னால் துஷ்யா, பிறகு தயாளினி. அவளுக்குப் பின்னால், வரிசையின் கடைசியில், தனியாக வந்திருந்த ஒரு பெரியவர். எந்த நாடு என்று சொன்னார். பெயரும் சொன்னார், ஒரு முறைக்கு இரு முறை. இரண்டு முறையும் தயாளினி தலையாட்டினாள், இரண்டு முறையும் மனதில் வாங்கவில்லை. சாம்பல் நிற மழைச்சட்டை போட்டிருந்தார் என்பது மட்டும் நினைவிருந்தது. பிள்ளை நனைகிறாள் என்று தன் குடையை முன்னால் சரித்துப் பிடித்துத் தன் தோளை நனையவிட்டவர் என்பதும்.

சந்தின் நடுவில் அவருடைய மூச்சு அவளுக்குக் கேட்டது. நீளமாக இழுத்து, பாதியில் அறுந்து, மறுபடி இழுக்கும் மூச்சு. பிறகு ஈரச் சுவரில் உள்ளங்கை உரசும் சத்தம். பிறகு, தொந்தரவு கொடுக்க வெட்கப்படுகிறவருடைய குரலில், மெதுவாக, “மேடம்.” குடித்துவிட்டார் என்று அவள் நினைத்தாள். அப்படி நினைத்தால் திரும்பத் தேவையில்லை. முன்னால் மஞ்சள் குடை உயர்ந்தது. தயாளினி திரும்பிப் பாராமலே பெருவிரலைக் காட்டினாள்.

பயணம் முடிந்த இடத்தில், கடைசியாக வந்தவரைக் காணவில்லையே என்று மிகா வந்த வழியே திரும்பப் புறப்பட்டாள். பிள்ளை தூங்கி விழுகிறாள், மழை வேறு, இனிக் காத்து நிற்க வேண்டுமே. அவர் ஹோட்டலுக்குப் போவதாகத் தன்னிடம் சொல்லிவிட்டுத்தான் போனார் என்று தயாளினி சொன்னாள். மிகாவின் முகம் தெளிந்தது. இடுப்பு வரை குனிந்து அவளுக்கு நன்றி சொன்னாள். பொய் சொன்னதை விட, அந்த நன்றியை வாங்கிக்கொண்டதுதான் பிறகு அவளைச் சுட்டது.

அந்த நிலையக் கதவுக்குப் பிறகு ஒவ்வொரு நாளும் ஏதாவது ஒன்று நடந்தது. மரக்கறிக் கடை வாசலில் ஓர் இளைஞன் கதவைப் பிடித்து அவளை உள்ளே விட்டான். விட்ட பிறகும் பிடித்துக்கொண்டே நின்றான், வயதானவர்கள் படியேறுவதைப் பார்க்கும்போது வரும் பொறுமை அவன் முகத்தில் இருந்தது. பஸ்ஸில் அவள் ஏறிய பிறகு சாரதி கதவை மூடாமல், வண்டியின் வாசல் பக்கத்தை நிலத்தோடு தாழ்த்திக் கொடுத்தார். ரயிலில் முக்காடு போட்ட ஒரு பெண் எழும்பி, தயாளினியின் தோளுக்குப் பின்னால் யாரையோ பார்த்துப் புன்னகைத்து, இருக்கையைக் காட்டினாள். தயாளினி அந்தப் பக்கம் கண்ணைத் திருப்பவில்லை. இறங்கும்போது மட்டும், அந்த இருக்கையின் விளிம்பிலிருந்து தண்ணீர் சொட்டுவது கடைக்கண்ணில் பட்டது.

இந்த ஊரில் ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பதில்லை என்று அவள் எத்தனையோ பேரிடம் குறைப்பட்டிருக்கிறாள். இப்போது லண்டன் முழுவதும் இரக்கமாக இருந்தது. ஒரு கதவைப் பிடித்துக்கொண்டு நிற்க எவ்வளவு நேரம் பிடிக்கும்? ஒரு மூச்சு நேரம். முன்பின் தெரியாதவர்கள் எல்லோரும் அந்த ஒரு மூச்சை அவருக்குக் கொடுத்தார்கள். கொடுக்க வேண்டியவள் மட்டும் கழுத்தை விறைத்துக்கொண்டு முன்னால் நடந்தாள்.

வேலையிடத்தில், கூட வேலை செய்யும் ஜெயகௌரி தேத்தண்ணீர் கொண்டுவந்து மேசையில் வைத்தாள். இரண்டு கோப்பை.

“மற்றது ஆருக்கு?” என்று கேட்டாள் தயாளினி.

“உம்மோட வந்தவருக்குத்தான். பாவம், தெப்பமா நனைஞ்சுபோய் நிக்கிறார், இருக்கச் சொல்லுமன்.” ஜெயகௌரி குரலைத் தாழ்த்திச் சிரித்தாள். “மாமாவோ? இவ்வளவு மரியாதையா ஒதுங்கி நிக்கிறார். மருமகளுக்கு நல்ல பயம் போல.”

வெளியே வெயில் எறித்துக்கொண்டிருந்தது. அன்று வேலை முடிந்தும் தயாளினி கணினித் திரையை அணைக்கவில்லை. அணைத்தால் அது கறுப்புக் கண்ணாடி ஆகிவிடும். யாரும் தொடாத கோப்பையை அவளே கழுவி வைத்தாள். அது உறைபனியாய்க் குளிர்ந்திருந்தது.

வீட்டில் பிரியந்தன் பகிடி விட்டான். “என்ன தயா, கழுத்துப் பிடிச்சுப் போச்சோ? ஒட்டகச்சிவிங்கியும் உம்மை விட நல்லாத் திரும்பும்.” தைலம் பூசிவிட்டான். அவனிடம் சொல்லலாம் என்று நினைத்தாள். சொன்னால் முதலில் பெருவிரலைச் சொல்ல வேண்டும். பொய்யைச் சொல்ல வேண்டும். நல்ல மனிசன், திட்ட மாட்டான், கவலையோடு பார்ப்பான். அந்தப் பார்வையை அவளால் தாங்க ஏலாது. அந்தச் சுற்றுலா அலுவலகத்துக்கு ஒருமுறை தொலைபேசி எடுத்தாள். அங்கே ஒரு பெண் குரல் பணிவாக வணக்கம் சொன்னதும் வைத்துவிட்டாள்.

வெள்ளிக்கிழமை கோவிலுக்குப் போனாள். பூசை முடிந்து ஐயர் வரிசையாகத் திருநீறு கொடுத்துக்கொண்டு வந்தார். அவளுடைய கையில் போட்டார். பிறகு அவளுடைய தோளுக்கு மேலால் கையை நீட்டினார், விரல்களைத் திறந்தார். கடைசியாக நின்றது அவள்தான். நிலத்தைப் பார்த்தாள். கருங்கல்லில் ஒரு பொட்டுத் திருநீறும் சிந்தியிருக்கவில்லை. முருகா என்று கும்பிட்டாள். மன்னிப்புக் கேட்க வேண்டியது இந்தப் பக்கம் திரும்பி அல்ல என்று அவளுக்குத் தெரிந்திருந்தது.

அடுத்த திங்கட்கிழமை துஷ்யாவைப் பள்ளிக்கூடத்திலிருந்து கூட்டிக்கொண்டு வந்தாள். நாலரைக்கே இருட்டிவிட்டிருந்தது. தெருவிளக்குகள் ஒவ்வொன்றாய் மினுங்கத் தொடங்கின, ஈர இலைகள் நடைபாதையில் ஒட்டிக் கிடந்தன, அவற்றின் மேல் பிள்ளையின் சப்பாத்துச் சத்தமும் அவளுடைய சப்பாத்துச் சத்தமும். அவற்றுக்குப் பின்னால், கொஞ்சம் தள்ளி, நீர் நிறைந்த சப்பாத்து ஒன்று பிழிபடும் சத்தம்.

“மாமா இண்டைக்கு மெதுவா வாறார்” என்றாள் துஷ்யா.

தயாளினி கையை இறுக்கினாள். நடையைக் கூட்டினாள்.

“நீங்க அவரைப் பாக்க மாட்டீங்களோ, அம்மா? அப்ப நான் கடைசியா நடக்கிறன். நான் பாக்கிறன்.”

சின்ன விரல்கள் அவளுடைய கையிலிருந்து நழுவின. சப்பாத்துச் சத்தம் பின்னால் போனது. துஷ்யா யாரிடமோ பேசினாள், பள்ளிக்கூடத்தைப் பற்றி, தோழியின் பிறந்தநாளைப் பற்றி. நடுநடுவே நிறுத்தினாள், பதில் கேட்கிறவள் போல. இரண்டு காலடிகளும் ஒரே தாளத்தில் விழுந்தன. பிறகு இன்னும் மெதுவாக. இன்னும் பின்னால்.

“அவற்ர கை நல்லாக் குளிருது, அம்மா.”

தயாளினி அப்போதும் திரும்பவில்லை. முகத்தை முன்னால் வைத்தபடியே பின்னுக்கு நடந்து, கையைப் பின்னால் வீசித் துழாவி, பிள்ளையின் மேற்சட்டையைப் பற்றி இழுத்துக்கொண்டு ஓடினாள். தன் பிள்ளைக்காகக்கூடத் திரும்பிப் பார்க்காதவள். வீட்டுக்குள் வந்து கதவைச் சாத்தியபின் அந்த எண்ணம் வந்தது. குனிந்து பிள்ளையின் கையை எடுத்துப் பார்த்தாள்.

துஷ்யாவின் வலது உள்ளங்கை வெளுத்து, நெடுநேரம் தண்ணீரில் ஊறியது போல் சுருங்கிப் போயிருந்தது. வெந்நீரில் வைத்தாள், போர்வைக்குள் வைத்தாள், தன் கன்னத்தில் வைத்தாள். சூடேறவில்லை. குளிர் மணிக்கட்டைத் தாண்டி முழங்கைக்கு வந்திருந்தது.

“பரவாயில்லை அம்மா,” என்று பிள்ளை கண்ணை மூடியபடி சொன்னாள். “நாளைக்கும் நானே அவரைக் கூட்டிக்கொண்டு வாறன்.”

பிரியந்தன் வேலையால் வந்ததும் பிள்ளையை அவனிடம் கொடுத்தாள். பால் வாங்கிக்கொண்டு வருகிறேன் என்று சொல்லிவிட்டு வெளியே வந்தாள்.

தெருவில் ஒருவரும் இல்லை. இரண்டு பக்கமும் ஒட்டி ஒட்டி நின்ற வீடுகளில் திரைகள் இழுத்து மூடப்பட்டிருந்தன, ஒரு திரைக்குப் பின்னால் தொலைக்காட்சியின் நீல வெளிச்சம் அசைந்தது. குப்பைத் தொட்டிகள் வாசலோரம் நின்றன. மழை இல்லை. ஆனால் மழைச் சத்தம் கேட்டது. அவளுக்குப் பின்னால் மட்டும்.

நாலைந்து வீடு தாண்டி நடந்தாள். புகை வாசம். ஈரத் துணி வாசம். மூச்சு. நீளமாக இழுத்து. அறுந்து. மறுபடி.

நின்றாள்.

அதுவும் நின்றது. கழுத்துக்கு இவ்வளவு கிட்ட.

“மேடம்.”

துஷ்யாவின் கை. அதை மட்டும் நினைத்தாள்.

திரும்பினாள்.

சாதாரண முகம். வயதான, நனைந்த, உதடு நீலம் பாரித்த முகம். கண் இமைகளில் தண்ணீர். கோபத்தைக் கண்டிருந்தால் அவள் தாங்கியிருப்பாள். அதில் கோபமே இல்லை. சந்தின் நடுவில் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றபோது எப்படிக் காத்திருந்தாரோ, அப்படியே காத்துக்கொண்டிருந்தார்.

“நீங்க கூப்பிட்டது எனக்குக் கேட்டது,” என்றாள். எந்த மொழியில் சொல்ல வேண்டும் என்று அவள் யோசிக்கவில்லை. “கேட்டும் நான் திரும்பேல்ல. என்னை மன்னிச்சுக்கொள்ளுங்கோ. வாங்கோ.”

கையை நீட்டினாள். குளிர்ந்த விரல்கள் ஒவ்வொன்றாக அவளுடைய விரல்களுக்குள் வந்தன. அவளுடைய கைச்சூடு வடிந்து போனது. வீட்டின் மேல்மாடியில் ஒரு சின்ன உள்ளங்கை இந்த நேரம் சிவந்து சூடேறுகிறது என்பது, யாரும் சொல்லாமலே, அவளுக்குத் தெரிந்தது. தெருவில் ஒரு திரையும் விலகவில்லை. ஒருவரும் பார்க்கவில்லை.

பெரியவர் மெல்லத் தலையசைத்தார். பிறகு முகத்தைத் திருப்பித் தனக்குப் பின்னால் பார்த்தார்.

அவருக்குப் பின்னால் ஒரு பெண் நின்றாள். மருத்துவமனைச் சட்டை, வெறுங்கால். அவள் முகத்தைத் திருப்பினாள். அவளுக்குப் பின்னால் ஒரு மனிதன், தலைமயிரில் சீமெந்துத் தூசி. அவன் திரும்பினான். அவனுக்குப் பின்னால் பள்ளிச் சீருடையில் ஒரு பையன். அவனுக்குப் பின்னால் ஒருவர். அவருக்குப் பின்னாலும். யாரும் திரும்பிப் பார்க்காமல் விட்டுப் போனவர்கள். தயாளினியின் வீட்டு வாசலைத் தாண்டி, தெருவிளக்குகள் ஒவ்வொன்றின் கீழும், வெளிச்சம் எட்டாத முனை வரை, தலைகள் ஒன்றன்பின் ஒன்றாகத் திரும்பிக்கொண்டு போயின. ஒரு சத்தமும் இல்லை.

முனையில், வரிசையின் கடைசியில், ஏதோ ஓர் உருவம் நின்றது.

பிறகு அங்கிருந்து முகங்கள் ஒவ்வொன்றாக முன்னோக்கித் திரும்பி வந்தன. தூசித் தலைமயிர். வெறுங்காற்பெண். பெரியவர். எல்லாக் கண்களும் அவள் மேல் வந்து தங்கின.

அவளுக்கு முன்னால் யாரும் இல்லை. விரல்கள் அவளுடைய கையை விடவில்லை. வரிசை அவள் நடப்பதற்காகக் காத்திருந்தது.