கொட்டாவிக்குப் போன குதிரை

குண்டூசிக்கு முழங்கால் வலித்தது. பதினோரு வயதில் முழங்கால் வலி வருமா என்று கேட்காதீர்கள். அவள் மாதிரி மாடி ஏறி இறங்கினால் யானைக்கே வரும்.

அவளுடைய சொந்தப் பெயரைச் சொல்லி வீட்டில் யாரும் கூப்பிடுவதில்லை. ஆள் ஒல்லி, பேச்சு சுருக்கென்று இருக்கும். அதனால் குண்டூசி. கீழே அவளும் அப்பா அம்மாவும். மாடியில் சித்தப்பாவும் சித்தியும். முன்னறையில் படங்களுக்குச் சட்டம் போடும் கடை. அப்பா மரம் அறுப்பார், சித்தப்பா கண்ணாடி வெட்டுவார். கடையைச் சாத்தியதும் இருவரும் சதுரங்கப் பலகையோடு உட்கார்ந்துவிடுவார்கள்.

அப்படி ஒரு நாள் ஆடும்போது அப்பா யானையைத் தொட்டுவிட்டு, குதிரையை நகர்த்தினார்.

"தொட்ட காயைத்தான் ஆடணும்!" என்றார் சித்தப்பா.

"நான் எங்கடா தொட்டேன்? தூசி தட்டினேன்."

"யானை மேல என்னண்ணா தூசி? இது ஏமாத்து வேலை!"

அவ்வளவுதான். பேச்சு நின்றுபோனது. கடையில் இருவரும் முதுகைக் காட்டிக்கொண்டு வேலை செய்தார்கள். ஆனால் சதுரங்கத்தை மட்டும் விட முடியவில்லை. சித்தப்பாதான் வழி கண்டுபிடித்தார்.

"எழுதி ஆடுவோம்னு உங்கப்பாகிட்ட சொல்லு. மேல ஒரு பலகை, கீழ ஒரு பலகை. சீட்டுல எழுதினதை யாரும் மாத்த முடியாது. இதுலயும் ஏமாத்தினா, நான் மூட்டையைக் கட்டிட்டு வேற வீட்டுக்குப் போயிடுவேன். கடையும் வேணாம், ஒண்ணும் வேணாம்."

சித்தப்பா சும்மா சொல்லவில்லை. தெருக்கோடியில் ஒரு வீட்டைப் பார்த்தும் வைத்துவிட்டார். சித்தப்பா இல்லாத மாடியைக் குண்டூசியால் நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. அதனால்தான் சீட்டுத் தூக்கும் வேலைக்குச் சம்மதித்தாள்.

வேலையா அது! பல் தேய்க்கும்போது சீட்டு. வீட்டுப்பாடம் எழுதும்போது சீட்டு. குளித்துவிட்டு வெளியே வந்தால் வாசலிலேயே சீட்டு.

போதாததற்கு, இருவரும் எழுதும் முறை வேறு வேறு. அப்பா சின்ன வயதில் ஒரு பழைய புத்தகத்தில் படித்தவர். "சிப்பாய், ராஜா வரிசை, நாலு" என்று எழுதுவார். சித்தப்பா செல்போனில் கற்றுக்கொண்டவர். நெடுக்கு வரிசைகளுக்கு ஏ, பி, சி என்று எழுத்து, குறுக்கு வரிசைகளுக்கு எண். "சிப்பாய், ஈ 4" என்பார்.

"ராஜா வரிசைன்னா எது?" என்று மேலே கேட்பார்கள். "ஈன்னா என்ன, கொசுவா?" என்று கீழே கேட்பார்கள். இரண்டும் ஒரே வரிசைதான் என்று இருவருக்கும் விளக்கியே குண்டூசிக்கு நாக்கு வறண்டது.

எண்களும் சரியாகப் பொருந்தவில்லை. "உங்கப்பாவுக்கு எண்ணத் தெரியல. போகட்டும்" என்று சித்தப்பா, காய் எங்கே போயிருக்கும் என்று தானே யோசித்து வைப்பார். "பாவம், கணக்குல எப்பவும் அவன் வீக்கு" என்று அப்பாவும் அப்படியே செய்வார். இருவருக்கும் ரொம்பப் பெருந்தன்மை!

ஞாயிற்றுக்கிழமை காலையில் அந்தப் பெருந்தன்மை காற்றில் பறந்தது. சித்தப்பாவின் சீட்டைப் படித்த அப்பா குதித்தார்.

"மந்திரியால குதிரையை வெட்டிட்டானாம்! அவன் மந்திரி போற வழியில எங்கயும் குதிரையே இல்லையே! இல்லாத குதிரையை எப்படி வெட்டுவான்? அவன்தான் ஏமாத்துறான்!"

குண்டூசி மாடிக்கு ஓடினாள். சித்தப்பாவின் பலகையில் குதிரை இருந்த இடத்தைக் காட்டினாள் சித்தி. அந்தக் கட்டத்தில் இப்போது மந்திரி நின்றுகொண்டிருந்தது.

"வெட்டு விழுந்ததும் குதிரை இல்லைங்கிறாரா?" சித்தப்பா கட்டிலுக்கு அடியிலிருந்து காலி அட்டைப்பெட்டிகளை இழுத்தார். "போதும். நாம கிளம்பலாம்."

"காலையிலேயே ஆரம்பிச்சாச்சா?" என்றாள் சித்தி சலிப்போடு.

குண்டூசி கீழே ஓடினாள். பலகையைப் பார்த்தாள். மறுபடியும் மேலே ஓடினாள். கீழே அப்பாவுடைய இடது பக்கத்துக் கறுப்புக் குதிரை நகர்ந்திருந்தது. மேலே நகர்ந்து வெட்டுப்பட்டது வலது பக்கத்துக் குதிரை! அப்பா எழுதிய பழைய சீட்டைத் தேடி எடுத்தாள். "குதிரை, ராஜா வரிசை, ஐந்து."

அவளுக்குப் புரிந்துவிட்டது. அப்பா கறுப்பு. தன் பக்கத்திலிருந்து ஐந்து எண்ணியிருக்கிறார். சித்தப்பா வெள்ளை. அவர் தன் பக்கத்திலிருந்து ஐந்து எண்ணியிருக்கிறார். அப்பாவுடைய ஐந்து சித்தப்பாவுக்கு நாலு! ஒரு குதிரை ஒரு கட்டத்துக்கும், இன்னொரு குதிரை அடுத்த கட்டத்துக்கும் போக முடிந்ததால் இருவருக்கும் சந்தேகமே வரவில்லை.

"யாரும் ஏமாத்தல!" என்று மாடிப்படியில் நின்று கத்தினாள். "ரெண்டு பேரும் அவங்கவங்க பக்கத்துல இருந்து எண்ணியிருக்கீங்க!"

இத்தோடு சண்டை தீர்ந்தது என்று நினைத்தீர்களா? அவளும் அப்படித்தான் நினைத்தாள்.

"அவனவன் பக்கத்துல இருந்து எண்ணுறதுதான் முறை. அவனை மாத்திக்கச் சொல்லு" என்றது கீழ் வீடு.

"உலகம் பூரா வெள்ளைப் பக்கத்துல இருந்துதான் எண்ணுது. அவரை மாத்திக்கச் சொல்லு" என்றது மேல் வீடு.

மேலே பெட்டிக்குள் பாத்திரம் போய் விழும் சத்தம் கேட்டது. குண்டூசிக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தன. விறுவிறுவென்று கடைக்குள் போனாள். படத்துக்குப் பின்னால் வைக்கும் பெரிய அட்டை ஒன்றை எடுத்தாள். அறுபத்து நான்கு கட்டம் போட்டாள். ஒவ்வொரு கட்டத்துக்கும் ஒரு பெயர் எழுதினாள். இத்தனை நாளாக அவளைக் கடுப்பேற்றியதெல்லாம் அதில் வந்தது. முழங்கால் வலி. தலைவலி. கொட்டாவி. பாதிக் குளியல். ஆறிப்போன காபி. தொணதொணப்பு.

மாடிப்படி திரும்பும் இடத்தில் அட்டையைப் போட்டாள்.

"இனிமே உங்க முறையும் வேணாம், அவங்க முறையும் வேணாம். இது என் முறை. புது ஆட்டம். இதுல இருக்கிற பேரை எழுதினாத்தான் சீட்டு எடுத்துட்டுப் போவேன். அட்டை இங்கேதான் இருக்கும். போட்டோ எடுத்தா, பேரெல்லாம் மாத்திடுவேன்."

அண்ணன் முறைக்குத் தம்பி பணியவில்லை. தம்பி முறைக்கு அண்ணன் பணியவில்லை. ஆகவே இருவருக்கும் இதில் மறுப்பு இல்லை. "கடைசியா ஒரே ஒரு ஆட்டம்" என்றார் சித்தப்பா, பெட்டியை மூடாமல்.

கொஞ்ச நேரத்தில் முதல் சீட்டு கீழே வந்தது. "தலைவலியிலிருந்த சிப்பாய் ஆறிப்போன காபிக்குப் போகிறது."

அப்பா கண்ணாடியை மாட்டிக்கொண்டு படியேறினார். ஆறிப்போன காபியைத் தேடினார். தேடினார், தேடிக்கொண்டே இருந்தார். பொறுமை இழந்த சித்தப்பா மேலிருந்து இறங்கி வந்தார்.

"குண்டூசி, இன்னும் எவ்வளவு நேரம்னு உங்கப்பாகிட்ட கேளு."

குண்டூசி படியில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டாள். "எனக்கு லீவு."

"காபி எங்கே இருக்குன்னு உங்க சித்தப்பாகிட்ட கேளும்மா."

"லீவுன்னா லீவு."

சித்தப்பா தொண்டையைச் செருமினார். பிறகு மெல்லக் குனிந்து விரலை வைத்தார்.

"இங்க இருக்கு."

"இதுவா? இதைக் 'காய்ச்சல்'னு படிச்சேன். என்ன கையெழுத்துடா இது?"

"உங்க பொண்ணுதானே!"

"உன் செல்லம்தானே!" அப்பா உட்கார்ந்தார். "சரி, என் குதிரை கொட்டாவிக்குப் போகணும். கொட்டாவி எங்கே?"

"தொணதொணப்புக்குப் பக்கத்துல பாருங்க. அண்ணா, இப்படித் தேடிக்கிட்டிருந்தா பொழுது விடிஞ்சிடும். காய்களை இங்கேயே எடுத்துட்டு வந்துடவா?"

அப்பா ஒரு நொடி யோசித்தார். "வெள்ளையை நான் வெச்சுக்கறேன்."

"அதெப்படி? வெள்ளை என்னுது!"

அரை மணி நேரத்தில் படிக்கட்டே அதிர்ந்தது. இருவரும் நேருக்கு நேர் உட்கார்ந்து, நடுவில் ஆள் யாரும் இல்லாமல், தாங்களே சண்டை போட்டார்கள். சித்தி வாளியோடு மேலிருந்து வந்து நின்றாள். அம்மா துணிக்கூடையோடு கீழிருந்து வந்து நின்றாள். யாரும் வழி விடவில்லை.

சித்தப்பாவின் செல்போன் அடித்தது. தெருக்கோடி வீட்டுக்காரர்.

"இன்னிக்கு வர முடியாதுங்க," என்றார் சித்தப்பா, அட்டையிலிருந்து கண்ணை எடுக்காமல். "நாளைக்கா? நாளைக்கும் முடியாதுங்க. வீட்டை வேற யாருக்காவது கொடுத்துடுங்க. எங்கண்ணன் ராஜாவை முழங்கால் வலிக்குத் துரத்திட்டேன், இப்போ எழுந்திரிக்கவே முடியாது."

"எங்கடா துரத்தினே? கண்ணைத் திறந்து பாரு!" என்றார் அப்பா.

குண்டூசி எழுந்தாள். இருவருக்கும் நடுவில் காலை வைத்துத் தாண்டி, மாடிக்குப் போனாள். சித்தப்பாவின் அட்டைப்பெட்டியிலிருந்து பாத்திரங்களை எடுத்து ஒவ்வொன்றாக அலமாரியில் வைக்க ஆரம்பித்தாள்.